இரங்கும் முரசு, இரையும் கடல்

ஆங்கிலத்தில் 'பிளாஞ்சென்ட்' என்று ஓர் அடைமொழி உண்டு. பேச்சில் வராது, நாளிதழிலும் அபூர்வம். இசைத்தட்டுக்கு விமர்சனம் எழுதுகிறவர்களும் கவிஞர்களும் நாவலாசிரியர்களும்தான் அதைக் காப்பாற்றி வருகிறார்கள். அகராதியைப் புரட்டினால் இரண்டு பொருள் கிடைக்கும். ஒன்று, ஓங்கி எழுந்து அதிர்ந்து நெடுநேரம் நிற்கும் ஒலி: கரையில் அலை மோதும் ஓசை, பெரிய மணியின் ஓசை. மற்றது, கேட்பவர் நெஞ்சைத் துயரத்தில் ஆழ்த்தும் ஒலி. முந்தியது காதைப் பற்றியது, பிந்தியது மனத்தைப் பற்றியது. இரண்டும் எப்படி ஒரே சொல்லுக்குள் குடியிருக்கின்றன என்பதே இக்கட்டுரையின் கேள்வி. அந்தக் கேள்விக்குத் தமிழில் தெளிவான விடை இருக்கிறது. திருகோணமலைக்குத் தென்மேற்கே, ஒரு பக்கம் வயலும் மறு பக்கம் உப்புநீரும் கிடக்கும் தம்பலகாமத்தில் இருந்துகொண்டு தேடினால் அந்த விடை இன்னும் துலக்கமாகத் தெரிகிறது.

முதலில் ஆங்கிலச் சொல்லின் பிறப்பைப் பார்த்துவிடலாம். அதன் வேர் லத்தீன் வினைச்சொல்லான 'பிளாங்கெரே'. அடித்தல் என்பது அதன் முதற்பொருள். இழவில் பெண்கள் மார்பில் அடித்து அழுவதையும் அதே சொல்லால் குறித்தார்கள். அதிலிருந்து புலம்பல் என்ற பொருளும் வந்து சேர்ந்தது. உரோமக் கவிஞர் வெர்ஜில் 'ஜார்ஜிக்ஸ்' முதல் நூலில் ஒரு புயலை வர்ணிக்கும்போது, காற்றில் காடுகளும் கடற்கரைகளும் எழுப்பும் ஓசைக்கு இந்த வினையையே பயன்படுத்துகிறார். கரை அடிபடுகிறது, கரை அழுகிறது. இரண்டையும் அந்த ஒரு வினை சொல்லிவிடுகிறது. 'பிளேக்' என்ற கொள்ளைநோயின் பெயருக்கும் இதே வேர்தான், இறைவன் அடித்த அடி என்ற எண்ணத்தில். நாம் அன்றாடம் சொல்லும் 'கொம்பிளெயின்' என்ற முறைப்பாட்டுச் சொல்லும் அதன் கிளையே.

ஆகவே அந்த அடைமொழியைச் 'சோகமான' என்று மட்டும் மொழிபெயர்ப்பது போதாது. மெல்லிய விசும்பல் சோகமானதுதான், ஆனால் அதற்கு இந்தச் சொல் பொருந்தாது. ஓர் அடி விழ வேண்டும், அடி ஓய்ந்த பின்னும் ஒலி ஓயாமல் நிற்க வேண்டும். அந்த நிற்றலில்தான் துயரம் வந்து சேர்கிறது.

இனித் தமிழுக்கு வருவோம். தொல்காப்பியச் சொல்லதிகாரத்தின் உரியியலில், ஒலி பற்றிய சொற்களை நான்கு நான்காகக் கூட்டிப் பொருள் சொல்லும் நூற்பாக்கள் இரண்டு உண்டு. ஒன்று கம்பலை, சும்மை, கலி, அழுங்கல் ஆகிய நான்கையும் அரவம் என்ற பொருளில் வைக்கிறது. மற்றது துவைத்தல், சிலைத்தல், இயம்பல், இரங்கல் ஆகிய நான்கையும் இசை என்ற பொருளில் வைக்கிறது. அரவம் வேறு, இசை வேறு என்று பிரித்த அந்த நுட்பத்தைப் பலரும் கவனித்திருக்கிறார்கள். சந்தைக் கூட்டத்தின் இரைச்சல் முதல் தொகுதியில் சேரும், அடித்தும் மீட்டியும் எழும் ஒலி இரண்டாவதில் சேரும் என்று பொதுவாகக் கொள்ளலாம்.

எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது வேறொன்று. இரண்டு தொகுதியிலும் கடைசிச் சொல்லை மட்டும் ஆசிரியர் தனியே எடுத்து, அடுத்த நூற்பாவிலேயே அதற்கு இன்னொரு பொருளும் உண்டு என்கிறார். அழுங்கலுக்கு இரக்கமும் கேடும் பொருள். இரங்கலுக்குக் கழிந்த பொருளும் பொருள், அதாவது ஒன்று கைவிட்டுப் போனதை நினைக்கும் மனநிலை. எட்டு ஒலிச்சொற்களில் இரண்டே இரண்டு துயரத்துக்குள் நுழைந்தன, இரண்டையும் இலக்கணம் உடனே பதிவு செய்துவிட்டது. ஆங்கில அடைமொழியின் இரு பொருளும் தமிழில் தற்செயலாகச் சேர்ந்தவை அல்ல, விதி வகுத்து ஏற்றுக்கொள்ளப்பட்டவை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. இந்த நூற்பாக்கள் அச்சேறியதில் ஈழத்தவர் கைக்கும் பெரும் பங்கு உண்டு. சேனாவரையர் உரையோடு சொல்லதிகாரத்தை 1868இல் வெளியிட்டவர் யாழ்ப்பாணத்துச் சி.வை. தாமோதரம்பிள்ளை, அதைப் பரிசோதித்தவர் ஆறுமுக நாவலர்.

'கழிந்த பொருள்' என்ற அந்தத் தொடரை நான் இப்படிப் புரிந்துகொள்கிறேன். முரசில் கோல் படும் கணம் சிறியது. நாம் கேட்பதில் பெரும்பகுதி கோல் எடுத்த பிறகு தோல் அதிர்ந்துகொண்டிருக்கும் ஒலி. முடிந்துபோன ஒரு செயலின் மிச்சத்தைத்தான் காது கேட்டுக்கொண்டிருக்கிறது. போனவரை நினைத்து வருந்துவதும் அப்படிப்பட்டதே: நிகழ்ந்தது முடிந்துவிட்டது, அதிர்வு முடியவில்லை. லத்தீன் சொல் துயரத்துக்குப் போன வழி உடம்பு வழியானது, மார்பில் அடிக்கும் கை அதற்குக் காரணம். தமிழ்ச் சொல் போன வழி காலத்தின் வழி. உரையாசிரியர் எவரும் இப்படிச் சொல்லவில்லை, இது என் வாசிப்பு. ஆனால் 'இரங்கல்' என்ற சொல்லின் பின்னைய வரலாறு முழுவதும் இந்த வாசிப்புக்குத் துணை நிற்கிறது.

அந்த வரலாற்றைக் கொஞ்சம் விரிவாகவே பார்க்க வேண்டும். சங்கப் பாடல்களில் முரசு இரங்கும், கடல் இரங்கும். அரசனின் வெற்றியைப் பாடும் இடத்திலும் முரசு இரங்கத்தான் செய்கிறது. அங்கே அழுகைக்கு இடமே இல்லை. புறநானூற்றில் காவிரியின் பெருக்கைச் சொல்லும் இடத்தில் அதன் புனலும் இரங்கிக்கொண்டு ஓடுகிறது. ஊரை வாழவைக்கும் நீரின் கம்பீரமான ஓசை அது. ஆக, ஒலி என்ற பொருள் தனித்து நிமிர்ந்து நின்ற காலம் ஒன்று இருந்திருக்கிறது.

அதே காலத்தில் அகத்திணையில் நெய்தலுக்கு உரிப்பொருளாக இரங்கல் நிற்கிறது. கடற்கரையில் நின்று, போன தலைவனை எண்ணி வருந்தும் நிலை. ஏன் நெய்தலுக்கு இரங்கல் என்று கேட்டால், கடலுக்குப் போனவர் திரும்புவது உறுதியில்லை என்று பாடப்புத்தகம் விடை சொல்லும். அது உண்மைதான், ஆனால் பாதி உண்மை. அந்த நிலத்தில் கடலே ஓயாமல் இரங்கிக்கொண்டிருக்கிறது. நிலத்தின் ஒலிக்கும் அங்கே நிற்பவளின் மனத்துக்கும் ஒரே பெயர். இந்த இரட்டைப் பொருளைப் புலவர்கள் தெரிந்தே கையாண்டார்கள் என்று நான் நம்புகிறேன். கடல் இரங்குகிறது என்று ஒரு பாடலில் வந்தால் அது ஒலிக்கிறதா அழுகிறதா என்று பிரிக்க முற்படுவது வாசகன் செய்யும் தவறு.

நெய்தல் என்ற பெயருக்கும் இழவுக்கும் இன்னும் நேரடியான தொடர்பு உண்டு. சாவுக்கு அடிக்கும் பறைக்கு நெய்தற்பறை என்றே பெயர். பக்குடுக்கை நன்கணியாரின் புறநானூற்றுப் பாடல் ஒன்றில், ஒரு வீட்டில் சாப்பறையும் இன்னொரு வீட்டில் மணமுழவும் ஒரே நேரத்தில் ஒலிக்கின்றன. சாப்பறைக்கு அவர் சொல்லும் பெயர் நெய்தல்தான். இசையிலும் இப்படியே. நெய்தலுக்குரிய பண்களில் விளரி இரங்கற்பண் என்று பெயர் பெற்றது. குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்ற ஏழு சுரப்பெயர்களில் ஒன்று அது. பழந்தமிழ்ப் பண்களின் கணக்கை வாழ்நாள் முழுதும் ஆராய்ந்த சுவாமி விபுலாநந்தர் 1920களில் திருகோணமலை இந்துக் கல்லூரிக்குத் தலைமை தாங்கியவர். அவருடைய யாழ்நூல் 1947இல் அரங்கேறியது. அடுத்த மாதமே அவர் மறைந்தார்.

திருக்குறளுக்கு வந்தால் முரசு போய்விடுகிறது. வினைத்தூய்மை அதிகாரத்தில் 'இரங்குதல்' என்பது செய்துவிட்டுப் பின்னால் வருந்துவது, கழிந்ததை எண்ணிக் கலங்குவது. பக்திப் பாடல்களில் பொருள் இன்னும் நகர்கிறது: இறைவன் அடியவருக்கு இரங்குகிறான். தன் இழப்புக்கு வருந்துவது போய், பிறர் துயருக்கு நெகிழ்வது வந்துவிட்டது. இரக்கம் என்ற பெயர்ச்சொல் முழுக்க இந்தப் பொருளில் நிலைத்துவிட்டது. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட தமிழ் லெக்சிக்கன் இந்தப் பொருள்களோடு ஒலித்தல் என்ற பழம்பொருளையும் விடாமல் தருகிறது. ஆனால் அகராதியில் இருப்பதும் நாவில் இருப்பதும் ஒன்றல்ல.

இன்று நாவில் இருக்கும் இரங்கல் எது? இரங்கல் செய்தி, இரங்கல் கூட்டம், இரங்கல் உரை. சுவரொட்டியிலும் முகநூலிலும் 'இறங்கல்' என்று றகரம் போட்டு அச்சாவதும் சாதாரணமாகிவிட்டது. பொருள் தேய்ந்த சொல்லுக்கு எழுத்தும் தேய்வது இயல்புதான். ஈழத்தில் இழவு இலக்கியத்துக்கு வேறு பெயர்களும் இருந்தன. முப்பத்தொராம் நாள் அந்தியேட்டிக்கு அச்சிட்டுக் கொடுக்கும் சிறு புத்தகத்தைக் 'கல்வெட்டு' என்போம். அதில் வரும் பாட்டு சரமகவி. புறநானூற்றுக் காலத்தில் அதற்குக் கையறுநிலை என்று பெயர். இலங்கை வானொலியில் மரண அறிவித்தல் நேரம் வந்தால் எத்தனையோ வீடுகளில் பேச்சு நின்றுவிடும். சாவு ஒலியாக ஊர் ஊராக வந்து சேர்ந்த காலம் அது. அந்த வழக்கங்களில் எல்லாம் துயரமும் ஒலியும் பிரியாமல் இருந்தன, சொல்லில் மட்டும் பிரிந்துவிட்டன.

தம்பலகாமத்தை நான் இந்தக் கேள்விக்குள் கொண்டுவரக் காரணம் அதன் நிலம். கந்தளாய்க் குளத்து நீர் பாயும் வயல்கள் ஒரு பக்கம். அந்தக் குளம் குளக்கோட்டன் என்ற மன்னன் கட்டியது என்று கோணேசர் கல்வெட்டு என்னும் பழைய நூல் சொல்கிறது. மறு பக்கம், கொட்டியாரக் குடாவோடும் திருகோணமலைத் துறைமுகத்தோடும் தொடர்புள்ள தம்பலகாம விரிகுடா, கண்டல் மரங்கள் சூழ்ந்த ஆழமில்லாத உப்புநீர். இலக்கணம் இதைத் திணைமயக்கம் என்னும். மருதத்துக்குப் பறை நெல்லரிகிணை, அறுவடைக்கு அடிப்பது. நெய்தலுக்குரிய பெயர் சாப்பறைக்கும் பெயர். இந்த ஊரில் ஒரு வரம்பில் நின்றால் இரண்டு திணைக்கும் காது கொடுக்கலாம்.

ஊரின் கோயிலே ஓர் இழப்பின் பின் எழுந்தது. போர்த்துக்கேயர் 1620களில் திருக்கோணேச்சரத்தை இடித்தபோது காப்பாற்றிய மூர்த்தங்களை வைத்தே தம்பலகாமத்து ஆதி கோணேச்சரம் அமைந்தது என்பது இப்பகுதி மக்களின் மரபு. இடிபட்ட அந்த மலைக்கோயிலைப் பற்றி ஞானசம்பந்தர் ஏழாம் நூற்றாண்டில் பாடிய பதிகத்தை இந்தக் கட்டுரைக்காக மீண்டும் எடுத்துப் பார்த்தபோது ஒன்று உறைத்தது. பதிகம் கண்ணுக்குத் தெரியும் காட்சியில் தொடங்கவில்லை, ஒலியில் தொடங்குகிறது: கழலின் அரவம், சிலம்பின் ஒலி. அதே முதற்பாட்டில் கடலுக்கு அவர் தரும் அடைமொழி 'குரைகடல்'. முத்தைக் கரையில் கொழிக்கும் குரைகடல்.

இந்தச் சொல்லைக் கொஞ்சம் அருகே வைத்துப் பார்க்க வேண்டும். இன்றைய மாணவரிடம் குரைகடல் என்றால் முகத்தில் குழப்பம் தெரியும். குரைப்பது நாய், கடல் எப்படிக் குரைக்கும்? குரை என்பது ஒரு காலத்தில் பேரொலிக்கெல்லாம் பொதுச்சொல். கடலும் குரைத்தது, கழலும் குரைத்தது. இன்று அது ஒரு விலங்கின் குரலுக்குள் அடைபட்டுவிட்டது. முரசிலிருந்து மரண அறிவித்தலுக்குப் போன இரங்கலுக்கும், கடலிலிருந்து நாய்க்குப் போன குரைத்தலுக்கும் நேர்ந்தது ஒன்றே: பெரும்பரப்பை ஆண்ட சொல் ஒரு மூலைக்குள் ஒடுங்கியது.

இன்னொரு நுட்பமும் இதில் உண்டு. ஆங்கிலத்தில் ஒலியின் இயல்பைச் சொல்லத் தனி அடைமொழி வேண்டியிருக்கிறது. தமிழ் அந்த வேலையை வினைத்தொகையிடம் ஒப்படைத்தது. குரைகடல், இரங்குமுரசு, கறங்குமணி. இவற்றில் காலம் வெளிப்படத் தெரியாது. குரைத்த கடல், குரைக்கின்ற கடல், குரைக்கும் கடல் மூன்றும் அந்த ஒரு தொடருக்குள் அடங்கும். ஓயாமல் ஒலிக்கும் ஒன்றுக்கு இதைவிடப் பொருத்தமான இலக்கண வடிவம் எந்த மொழியிலும் இருக்குமா என்று எனக்குத் தெரியாது. இன்றைய எழுத்தில் வினைத்தொகை அருகிவிட்டது. 'ஒலிக்கின்ற', 'சோகமான', 'கம்பீரமான' என்று நீட்டி எழுதுகிறோம். ஒலிச்சொற்கள் அழிந்ததில் இந்த வடிவம் அருகியதற்கும் பங்கு உண்டு.

மற்ற ஒலிச்சொற்களின் கதியைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம். துவைத்தல் என்ற ஒலிச்சொல் தமிழ்நாட்டில் உடுப்பைக் கல்லில் அடித்து வெளுப்பதாக நிலைத்துவிட்டது. நாங்கள் உடுப்பைத் தோய்க்கிறோம், ஆகவே எங்களுக்கு அந்தப் பொருளும் இல்லை. அடிப்பதும் ஒலிப்பதும் ஒரே சொல்லில் கூடி நின்றதற்குத் துவைத்தலும் ஒரு சான்று, லத்தீன் வினைக்கு மிக அருகில் வருவது. இயம்பல் வாத்தியத்தை விட்டு மேடைப்பேச்சில் 'இயம்பினார்' என்று ஒட்டிக்கொண்டிருக்கிறது. இன்னியம் என்ற சொல்லில் மட்டும் அதன் பழைய உறவு மிஞ்சியிருக்கிறது. சிலைத்தல் வழக்கொழிந்தது. கலி என்றால் இன்று கலிகாலம். ஆர்கலி என்ற கடற்பெயரிலும் கலிப்பாவின் பெயரிலும் அது கண்ணுக்குத் தெரியாமல் உயிரோடிருக்கிறது. ஆர்ப்பு ஆர்ப்பாட்டமாகித் தெருவுக்கு வந்துவிட்டது. அரவம் தப்பியது: ஆளரவம் இல்லாத இடம் என்று இன்றும் சொல்கிறோம். யாழ்ப்பாணத்தில் 'ஒரு சிலமனும் இல்லை' என்பார்கள். ஆள் இருப்பதற்கான சத்தமோ அசைவோ இல்லை என்று பொருள். நிகண்டுகள் ஒலிக்கென்றே ஒரு தொகுதியை ஒதுக்கின. திவாகரத்திலும் சூடாமணியிலும் அது பத்தாவது தொகுதி. திண்ணைப் பள்ளியில் சூடாமணியை மனனம் செய்த தலைமுறைக்கு இந்தச் சொற்கள் நாக்கில் நின்றன. மனனம் போனதைப் பற்றி எனக்குப் பொதுவாக வருத்தமில்லை. இந்தப் பத்தாம் தொகுதியைப் பற்றி மட்டும் வருத்தம் உண்டு.

புத்தகத்தில் செத்த சொல் ஊரில் வேறு உருவத்தில் பிழைத்திருப்பதும் உண்டு. திருகோணமலைக் கரையோரத்தில் கடலைப் பற்றிப் பேசுகிறவர்கள் அது சத்தம் போடுகிறது என்று சொல்வதில்லை. 'கடல் இரையுது' என்பார்கள். வாடைக் காற்றுக் காலத்தில் இரவில் அந்த இரைச்சல் கரையிலிருந்து உள்ளே வெகுதூரம் வரும். இரைச்சலின் கனத்தை வைத்தே மறுநாள் தோணி இறக்கலாமா என்று முதியவர்கள் முடிவு செய்வார்கள். இரைதலும் இரங்கலும் ஒலியாலும் பொருளாலும் உறவுச் சொற்களாகவே எனக்குத் தோன்றுகின்றன. 2004 டிசம்பர் 26க்குப் பின், கிண்ணியாவிலும் மூதூரிலும் கடலுக்கு உறவுகளைக் கொடுத்தவர்களிடம் அந்த இரைச்சலைப் பற்றிப் பேசிப் பாருங்கள். கடல் இரைவதா, இரங்குவதா என்று சொல்லாராய்ச்சி செய்ய அங்கே இடமில்லை. இலக்கணம் வகுத்த இரு பொருளும் அவர்கள் காதில் ஒன்றாகவே விழுகின்றன.

வயல் பக்கத்து ஒலி வேறு. மாட்டைக் கட்டிச் சூடு மிதித்த காலத்தில் களத்தில் 'பொலி' என்ற கூவல் இரவு முழுதும் கேட்கும். நெல்லுக்கும் அதுவே பெயர், பெருகுக என்ற வாழ்த்தும் அதுவே. களத்தில் மற்றப் பொருள்களுக்கும் வழக்கமான பெயரைச் சொல்லாமல் வேறு பெயர் சொல்வது கிழக்கிலங்கை மரபு. மிசின் வந்த பிறகு அந்தக் கூவலும் அந்தச் சொற்களும் சேர்ந்தே போயின. மிசின் வேண்டாம் என்று எந்த விவசாயியும் சொல்ல மாட்டான், நானும் சொல்லவில்லை. அந்தச் சொற்களையாவது யாராவது ஒழுங்காக எழுதி வைத்திருக்க வேண்டும்.

கிழக்கின் பறைமேளத்தைச் சொல்லாமல் இந்தக் கேள்வியை முடிக்க முடியாது. கோயில் சடங்குக்கும் பறை உண்டு, செத்தவீட்டுக்கும் பறை உண்டு, இரண்டுக்கும் அடி வேறு வேறு. கருவி ஒன்றே. ஒரே தோலில் ஓர் அடி சாமியை அழைக்கிறது, மற்ற அடி பிணத்தை வழியனுப்புகிறது. ஒலியையும் துயரத்தையும் ஒரே சொல்லில் வைத்த மொழிக்கு இதில் வியப்பில்லை. ஆனால் அந்தப் பறையை அடிக்கும் பொறுப்பை ஒரு சமூகத்தின் தோளில் மட்டும் கட்டாயமாக ஏற்றி, அவர்களை வாசலுக்கு வெளியே நிறுத்திய கொடுமையும் இதே மரபில்தான் இருந்தது. இனி அடிக்க மாட்டோம் என்று கருவியைக் கீழே வைத்தவர்கள் செய்தது சரியே. அதைக் கலையென்று மதித்து, மேடையிலும் பல்கலைக்கழக முற்றத்திலும் விரும்பி எடுத்து அடிக்கிற இளைஞர்கள் இப்போது வந்திருப்பதும் நல்லதே. எங்கள் ஊர்களின் இரங்கலை எவர் கைகள் சுமந்தன என்பதை மறந்துவிட்டுச் சொல்லை மட்டும் போற்றினால் அந்த ஆய்வு பொய்யாகிவிடும்.

இனி, பயன்பாட்டுக் கேள்வி. 'பிளாஞ்சென்ட்' போன்ற சொல்லைத் தமிழில் எழுத வேண்டி வந்தால் என்ன செய்வது? மூன்று வழிகள் பேசப்படுகின்றன. ஒன்று, 'சோகமான' என்று எழுதிவிட்டுப் போவது. இதில் அடியும் அதிர்வும் போய்விடுகின்றன. இரண்டாவது, 'உரத்த துயரொலி கொண்ட' என்பது போல விரித்து எழுதுவது. பொருள் வரும், வாக்கியம் நொண்டும். மூன்றாவது, இரங்கலையே மீட்டெடுப்பது. நான் மூன்றாவது பக்கம். ஆனால் அதற்கு எதிரான வாதம் வலுவானது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். 'மணி இரங்கியது' என்று இன்று எழுதினால், மணி யார்மீதோ கருணை கொண்டது என்றுதான் பெரும்பாலானோர் எடுத்துக்கொள்வார்கள். ஆயிரம் ஆண்டுக்கு மேலாகச் சொல்லில் படிந்த இரக்கத்தைத் துடைத்துவிட முடியாது.

துடைக்கத் தேவையில்லை என்பதே என் பதில். வடிவத்தை மட்டும் கவனித்தால் போதும். வினைமுற்றாக எழுதினால் கருணைப் பொருள் முந்திக்கொள்கிறது. ஒலிப்பெயரோடு சேர்த்து எழுதினால், இரங்கொலி, இரங்கிசை என்றோ, 'இரங்கும் மேளம்', 'இரங்கும் அலை' என்றோ, ஒலிப்பொருள் முன்னே வருகிறது, துயரம் பின்னாலேயே நிற்கிறது. உயர்தர வகுப்பில் தமிழ் படிக்கும் பிள்ளைகளிடம் 'இரங்கும் அலை' என்று கரும்பலகையில் எழுதிப் பொருள் கேட்டேன். 'அழுகிற மாதிரிச் சத்தம் போடுற அலை' என்று ஒரு பிள்ளை சொன்னாள். தொல்காப்பியத்தின் இரு நூற்பாவும் அந்த விடையில் இருக்கின்றன. அகராதியைப் பார்க்காமலே வந்த விடை அது.

எங்கே பொருந்தும், எங்கே பொருந்தாது என்றும் ஒரு வரம்பு வேண்டும், இல்லாவிட்டால் எல்லாச் சோக இசைக்கும் இந்தச் சொல்லை ஒட்டி அதையும் வீணாக்கிவிடுவோம். அடித்து எழும்பி நின்று தேயும் ஒலிக்கே இதை வைத்துக்கொள்ளலாம். கோயில் மணி, பெரும்பறை, கரையில் மோதும் அலை, வெறும் தந்தியில் அழுத்தி மீட்டிய வீணைச் சுரம், இவற்றுக்குப் பொருந்தும். புல்லாங்குழலுக்கும் தாலாட்டுக்கும் பொருந்தாது, அவை எவ்வளவு உருக்கினாலும். ஒப்பாரி இடைப்பட்டது. மாரடித்துப் பாடும் ஒப்பாரியை நான் சேர்த்துக்கொள்வேன், தனியே இருந்து முனகும் ஒப்பாரியைச் சேர்க்க மாட்டேன். 'முகாரி பாடாதே' என்று பேச்சில் ஒரு இராகத்தின் பெயரையே புலம்பலுக்கு ஆக்கிவிட்டோம், அந்த விபத்து இரங்கலுக்கும் நேரக் கூடாது.

சங்கைப் பற்றித்தான் நண்பர்களோடு அதிகம் வாதாட வேண்டியிருக்கிறது. கோயிலிலும் ஊதுகிறோம், செத்தவீட்டிலும் ஊதுகிறோம், ஆகவே சங்கும் இரங்கும் என்பது அவர்கள் கட்சி. சங்கில் அடி இல்லை, மூச்சு நின்றதும் ஒலி பெரும்பாலும் நின்றுவிடுகிறது. அதற்கு ஆர்த்தல் என்ற சொல்லே சரி என்பது என் கட்சி. சங்கோடு சேர்ந்து வரும் சேமக்கலத்தைப் பற்றி எங்களுக்குள் சண்டையில்லை. கட்டையால் ஒருமுறை தட்டினால் அடுத்த தட்டு வரும் வரை அந்த வெண்கலத் தட்டு ஒலித்துக்கொண்டே இருக்கும். அடுத்த பதிப்பு அகராதிக்காரர்கள் 'இரங்கு' என்ற சொல்லின் முதற்பொருளுக்கு உதாரணம் தேடினால், முரசைத் தேடிச் சங்கப் பாடலுக்குப் போக வேண்டாம். 'சேமக்கலம் இரங்கிற்று' என்று போடலாம்.